ஸ்லோ குக்கரில் சாசேஜ் பாஸ்தா ஸ்டூ: எதை எப்போது போடுவது?

கடலூர் மஞ்சக்குப்பத்திலிருந்து நீங்கள் கேட்டிருப்பதன் சாரம் இது. பிரான்சிலிருந்து விடுமுறைக்கு வந்த உங்கள் நாத்தனார் மூன்றரை லிட்டர் ஸ்லோ குக்கர் ஒன்றைக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார். அவர் எழுதித் தந்த குறிப்பின்படி சாசேஜ், பாஸ்தா, மூன்று மணி நேரம் ஊறிய கொண்டைக்கடலை, தக்காளி, உருளைக்கிழங்கு, கேரட் எல்லாவற்றையும் காலை எட்டு மணிக்கு ஒன்றாகப் போட்டு, 'லோ'வில் வைத்துவிட்டு வேலைக்குச் சென்றிருக்கிறீர்கள். மாலை ஐந்தரை மணிக்குத் திரும்பி வந்து திறந்தபோது பாஸ்தா கஞ்சியாகக் கரைந்திருந்தது, சாசேஜ் ஊறிப்போன பஞ்சாக இருந்தது, கடலை மட்டும் பல்லுக்குப் பிடிகொடுக்கவில்லை, மேலே தண்ணீர் தெளிந்து நின்றது. தவறு குறிப்பிலா, குக்கரிலா, தங்கள் கையிலா என்பது முதல் கேள்வி. ஆட்டுக்கறி சாப்பிடும், ஆனால் சாசேஜைத் தொடாத மாமியாருக்கும் இதே பாத்திரத்திலிருந்து பரிமாற வழியுண்டா என்பது இரண்டாவது.

குக்கரில் பழுதில்லை. உங்கள் கையிலும் பெரிய பிழை இல்லை. குறிப்பு எந்த நாட்டுக் கடையை மனத்தில் வைத்து எழுதப்பட்டதோ, அந்தக் கடை நம் ஊரில் இல்லை என்பதுதான் விஷயம். வெளிநாட்டுச் சமையல் குறிப்புகளில் பயறு என்றால் பெரும்பாலும் டின்னில் அடைத்த, ஏற்கெனவே வெந்த பயறு; சாசேஜ் என்றால் கொத்துக்கறியைக் குடலில் அடைத்து அப்படியே விற்கும் பச்சைச் சாசேஜ். நம் குளிர்பதனக் கடைகளில் பொட்டலமாகக் கிடைக்கும் கோழிச் சாசேஜோ, தொழிற்சாலையிலேயே வேகவைக்கப்பட்டு வருவது. நம் கடலையோ கல்லாக வருவது. அங்கே கடலை வெந்தது, சாசேஜ் பச்சை. இங்கே சாசேஜ் வெந்தது, கடலை பச்சை. குறிப்பை வரி பிசகாமல் பின்பற்றினால், நீண்ட நேரம் தேவைப்படாத பண்டத்துக்கு ஒன்பதரை மணி நேரமும், அதற்குமேலும் தேவைப்படுகிற பண்டத்துக்கு அதே ஒன்பதரை மணி நேரமும் கிடைத்துவிடும். பாஸ்தா தனி வழக்கு. அதற்குப் பிறகு வருகிறேன்.

ஸ்லோ குக்கர் எப்படி வேலை செய்கிறது என்று ஒருமுறை மனத்தில் வாங்கிக்கொண்டால் மற்றவை தாமாகவே விளங்கும். வெளியே உலோகக் கூடு. அதற்குள் மின்கம்பிச் சுருள். உள்ளே கனமான பீங்கான் சட்டி. மேலே கண்ணாடி மூடி. சூடு அடியிலிருந்தும் பக்கங்களிலிருந்தும் மெல்லப் பரவுகிறது. 'லோ', 'ஹை' என்ற இரண்டும் முடிவில் நிற்கும் சூடு பல மாதிரிகளில் ஏறத்தாழ ஒன்றுதான், அதாவது கொதிநிலைக்குச் சற்றுக் கீழே. அந்தச் சூட்டை எட்ட எடுத்துக்கொள்ளும் நேரம்தான் வேறு. எழும் ஆவி மூடியில் முட்டித் திரும்பவும் குழம்பிலேயே சொட்டுவதால் நீர் வற்றுவதே இல்லை. அடுப்பில் வைக்கும் குழம்புக்கு நாம் ஊற்றிப் பழகிய அளவை இங்கே ஊற்றினால், நீங்கள் கண்டதுபோல் மேலே தண்ணீர் நிற்கத்தான் செய்யும். இடையில் மூடியைத் திறந்து பார்க்கும் ஒவ்வொரு முறையும் இழந்த சூட்டை மீட்க இருபது, முப்பது நிமிடம் போய்விடும் என்பதால், கிளறிப் பார்க்கும் நம் கைப்பழக்கத்தையும் அடக்கிக்கொள்ள வேண்டும்.

இந்தச் சாதனம் பிறந்ததே பயறு வேகவைக்கத்தான் என்பது பலருக்குத் தெரியாது. அமெரிக்காவில் இர்விங் நாக்ஸன் என்பவர் 1940-இல் இதற்குக் காப்புரிமை பெற்றார். லித்துவேனியாவிலிருந்து வந்த அவருடைய தாயின் குடும்பத்தில், யூதர்களின் ஓய்வுநாளுக்கு முந்தைய மாலையில் பயறும் இறைச்சியும் சேர்ந்த சோலன்ட் என்னும் கூட்டை ரொட்டிக்கடை அடுப்பின் ஆறும் சூட்டில் விட்டுவைத்து மறுநாள் உண்ணும் வழக்கம் இருந்தது. அந்தக் கதைதான் மகனுக்கு யோசனை தந்தது. பின்னர் ரைவல் என்ற நிறுவனம் அந்தத் தொழிலை வாங்கி, 1971-இல் கிராக்-பாட் என்ற பெயரில் இதனை வீட்டுச் சமையலறைக்குக் கொண்டுவந்தது. நம் ஊரிலும் இந்த யோசனை புதிதன்று. சாம்பல் பூத்த அடுப்பில் இரவு முழுவதும் மண்சட்டியை விட்டுவைத்தவர்களின் பேரப்பிள்ளைகள்தாம் நாம்.

மின்சாரத்தைப் பற்றிச் சற்று நின்று சொல்லியாக வேண்டும், ஏனென்றால் இதில் நானே சூடுபட்டவள். உங்களுடையது பிரான்சிலிருந்து வந்தது. அங்கும் 230 வோல்ட், 50 ஹெர்ட்ஸ் என்பதால் நம் மின்சாரத்தில் நேராக ஓடும். அங்குள்ள பிளக்கை நம் சுவரில் எப்படியோ அழுத்திச் செருகினாலும், அதன் நில இணைப்பு நம் சாக்கெட்டில் சேராது. மின்பணியாளரிடம் கொடுத்து நம் மூன்று முனைப் பிளக்காக மாற்றிக்கொள்ளுங்கள். இருபது ஆண்டுகளுக்கு முன் அமெரிக்காவிலிருந்து உறவினர் ஒருவர் கொண்டுவந்து தந்த குக்கரை, அது 120 வோல்ட்டுக்கானது என்று பார்க்காமலே, புதுச்சேரி வீட்டில் செருகினேன். வோல்ட் ஏறக்குறைய இரட்டித்தால் சுருளில் எழும் சூடு மூன்றரை மடங்குக்கும் மேல் போகும் என்ற கணக்கு, புகை வந்தபின்தான் எனக்குப் புரிந்தது. செலவைப் பற்றி அஞ்ச வேண்டாம்: 200 வாட் குக்கர் ஒன்பது மணி நேரம் முழுத் திறனில் ஓடினாலும் 1.8 யூனிட்தான்.

இனிக் கடலை. வெள்ளைக் கொண்டைக்கடலை 120 கிராம் எடுத்து முதல்நாள் இரவே ஊறவைத்துவிடுங்கள். மூன்று மணி நேரம் போதாது. ஊறிய கடலையும் நேராக ஸ்லோ குக்கருக்குப் போகக் கூடாது; காலையில் பிரஷர் குக்கரில் நான்கு விசில் விட்டுப் பிறகு சேர்க்க வேண்டும். இதற்கு இரண்டு காரணங்கள் உண்டு. தக்காளியின் புளிப்பு, கடலையின் தோலையும், உள்ளே பசைபோல் பிணைத்து வைத்திருக்கும் பெக்டின் என்ற பொருளையும் இறுக்கி வைத்துக்கொள்ளும். புளி ஊற்றிய பின் காய் வேகாது என்று நம் வீடுகளில் சொல்வது இதைத்தான். இரண்டாவது காரணம் தண்ணீர். கடலூரிலும் புதுச்சேரியிலும் கடற்கரையை ஒட்டிய பல தெருக்களில் போர் தண்ணீர் கடுமையானது; அதிலுள்ள கால்சியமும் பெக்டினைப் பிடித்துக்கொண்டு பயறை வேகவிடாது. பருப்பு வேகாத தண்ணீர் என்று நீங்களே அறிந்திருப்பீர்கள். ஊறவைக்கவும் வேகவைக்கவும் கேன் தண்ணீரையோ நல்ல குடிநீரையோ பயன்படுத்தினால் பாதிச் சிக்கல் தீர்ந்துவிடும்.

கொண்டைக்கடலைக்குப் பதிலாக ராஜ்மா போடும் எண்ணம் எப்போதாவது வந்தால், ஒன்றைக் கட்டாயம் நினைவில் கொள்ளுங்கள். சிவப்பு ராஜ்மாவில் லெக்டின் வகையைச் சேர்ந்த நஞ்சு ஒன்று இருக்கிறது. வேகாத நாலைந்து பயறே கடும் வாந்தியையும் வயிற்றுப்போக்கையும் கொண்டுவரப் போதும். முழுக் கொதியில் மட்டுமே அது அழியும். ஸ்லோ குக்கரின் மந்தச் சூட்டில் அழியாமல் தங்கிவிடலாம். குறைந்தது ஐந்து மணி நேரம் ஊறவைத்து, அந்த நீரைக் கொட்டிவிட்டு, புது நீரில் அடுப்பில் அரை மணி நேரம் தளதளவெனக் கொதிக்கவைத்த பிறகே குக்கரில் சேர்க்க வேண்டும். இந்த ஒரு விஷயத்தில் மட்டும் சுருக்குவழி தேடாதீர்கள்.

ஒன்பது மணி நேரத்தை யாருக்குக் கொடுப்பது என்றால், எலும்புக்குக் கொடுங்கள் என்பேன். கோழிச் சாசேஜில் சாறு இல்லை, கொழுப்பும் குறைவு. வெறும் தண்ணீரில் அதை வேகவைத்து ஸ்டூவுக்குத் திடம் வர வேண்டும் என்று எதிர்பார்ப்பது வீண். இரண்டு ஆட்டுக்கால்களைக் கறிக்கடையிலேயே வாட்டிச் சுத்தம் செய்து துண்டு போட்டு வாங்கிவந்து அடியில் வைத்தால், அவற்றின் தோலிலும் மூட்டிலும் உள்ள கொலாஜன் மெல்ல மெல்ல ஜெலட்டினாக இளகிக் குழம்புக்கு ஒட்டும் தன்மையைத் தரும். இந்த மாற்றத்துக்கு வேண்டியது பெருங்கொதி அல்ல; நெடுநேரச் சூடு. ஸ்லோ குக்கரை நம் சமையலுக்கென்றே செய்ததுபோல் தோன்றும் ஒரே இடமும் இதுதான். ஆட்டுக்கால் வேண்டாமென்றால் கோழிக்கழுத்தும் முதுகெலும்பும் அரைக்கிலோ போடலாம். சுவை வரும், அந்தப் பிசுபிசுப்பு அவ்வளவு வராது.

அடுத்தது, வதக்காமல் எதையும் உள்ளே போடக் கூடாது. நறுக்கிய வெங்காயத்தையும் தக்காளியையும் பச்சையாகப் போட்டு மூடினால், எத்தனை மணி நேரமானாலும் பச்சை வாசனை போகாது. அந்த வாசனை ஆவியோடு வெளியேற வழியே இல்லாத பாத்திரம் இது. எனவே கனமான வாணலியில் இரண்டு மேசைக்கரண்டி எண்ணெய் விட்டு, பொடியாக நறுக்கிய இரண்டு பெரிய வெங்காயத்தைப் பொன்னிறம் வரும்வரை பொறுமையாக வதக்கி, எட்டுப் பல் பூண்டைத் தட்டிப் போட்டு, 350 கிராம் தக்காளியை அரைத்து ஊற்றி, எண்ணெய் பிரிந்து ஓரத்தில் மினுங்கும்வரை கிளறுங்கள். நாட்டுத் தக்காளி புளிப்பு மிகுந்தது; பெங்களூர்த் தக்காளி சதைப்பற்று மிகுந்தது; இந்தப் பக்குவத்துக்கு இரண்டும் பாதிப் பாதியாக இருந்தால் நன்று. பிறகு 800 மில்லிலிட்டர் தண்ணீரை அதே வாணலியில் ஊற்றி, ஒட்டியிருப்பதைச் சுரண்டி, கொதி வந்ததும் குக்கருக்கு மாற்றுங்கள். சூடாக ஊற்றுவதால் நேரம் மிச்சமாவதோடு, இறைச்சி கிருமிகளுக்கு இதமான 5 முதல் 60 டிகிரி செல்சியஸ் வரையிலான வெதுவெதுப்பில் தங்கும் காலமும் குறைகிறது. ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த குளிர்ந்த பீங்கான் சட்டியில் மட்டும் கொதிநீரை ஊற்றிவிடாதீர்கள்; விரிசல் விட்டுவிடும்.

அடுக்கும் முறையும் முக்கியம். கேட்டால் தலைகீழாகத் தோன்றும், ஆனால் இந்தச் சூட்டில் இறைச்சியைவிடக் கிழங்குதான் தாமதமாக வேகும். ஆகவே 250 கிராம் உருளைக்கிழங்கையும் ஒரு பெரிய கேரட்டையும் இரண்டு விரல் அகலத் துண்டுகளாக்கி, சூடு அதிகம் படும் அடியிலும் பக்கங்களிலும் பரப்புங்கள். அதன்மேல் ஆட்டுக்கால், அதன்மேல் வெந்த கடலை, கடைசியில் தக்காளிக் கலவை. சட்டி பாதிக்குக் குறையாமலும் முக்காலுக்கு மிகாமலும் நிறைந்திருக்க வேண்டும். நான் சொல்லும் அளவு, பின்னால் வரும் சாசேஜையும் சேர்த்து, உங்கள் மூன்றரை லிட்டருக்குச் சரியாக வரும். ஐந்து பேர் சாப்பிடலாம். உப்பு இப்போது கால் பங்குதான்; சாசேஜே உப்புப் பண்டம் என்பதால் மீதியைக் கடைசியில் சரிபார்த்துக்கொள்ளலாம்.

சாசேஜைப் பற்றி உங்களுக்கு யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள் என்பதால் விரிவாகச் சொல்கிறேன். பொட்டலக் கோழிச் சாசேஜ், இறைச்சியை ஐஸ், கொழுப்பு, உப்பு ஆகியவற்றோடு மாவுபோல் அரைத்து, உறையில் அடைத்து வேகவைத்து, பெரும்பாலும் அந்த உறையையும் உரித்துவிட்டு விற்கப்படுவது. அதனைக் குழம்பில் பல மணி நேரம் ஊறவிட்டால் உப்பும் மசாலாவும் வெளியேறி, நீர் உள்ளே புகுந்து, நீங்கள் கண்ட பஞ்சு மிஞ்சும். அதற்கு வேண்டியது முறுகல் மட்டுமே. இறைச்சி பழுப்பேறி மணம் பிறப்பதற்கு ஏறத்தாழ 140 டிகிரி சூடு தேவை. நூறைத் தாண்டாத ஸ்லோ குக்கரில் அது ஒருநாளும் நடக்காது. 300 கிராம் சாசேஜைச் சாய்வாக ஒரு விரல் கனத்துக்கு வெட்டி, தோசைக்கல்லிலோ வாணலியிலோ சிறிது எண்ணெயில் இரு பக்கமும் நன்கு சிவக்கவிட்டு, உண்பதற்கு அரை மணி நேரத்துக்கு முன் குக்கரில் சேருங்கள். வாணலியில் ஒட்டிய பழுப்பு நிறப் பொருக்கைச் சிறிது வெந்நீர் ஊற்றிச் சுரண்டி அதையும் உள்ளே ஊற்றுங்கள். சுவையின் பெரும்பங்கு அந்தப் பொருக்கில்தான் இருக்கிறது.

புதுச்சேரிக் கடைகளில் சில வேளை பச்சைப் பன்றிச் சாசேஜும் கிடைக்கும். அதனைத் தொட்டுப் பார்த்தால் மண்ணைப்போல் குழைவாக, உறையோடு இருக்கும். கணக்கு அதற்கு வேறு: முதலில் முறுகவைத்து, காலையிலேயே மற்றவற்றோடு சேர்த்துவிடலாம், கொரகொரப்பாக அரைத்த கறியும் கொழுப்பும் நீண்ட சூட்டைத் தாங்கிக் குழம்புக்கும் சாறு தரும். உட்புறம் பன்றி என்றால் 71 டிகிரியும் கோழி என்றால் 74 டிகிரியும் எட்டியிருக்க வேண்டும். அத்தனை மணி நேரத்தில் அதைப் பற்றிக் கவலைப்படத் தேவையில்லை. உறைந்த கட்டியாக மட்டும் போடாதீர்கள். கோவாச் சாசேஜ் கிடைத்தால், வினிகரும் மிளகாயும் பூண்டும் ஏறிய சரக்கு என்பதால், 100 கிராமுக்கு மேல் தாங்காது. உறையைக் கீறி உதிர்த்துப் போட்டுத் தக்காளியைக் குறைத்துக்கொள்ளுங்கள்.

வாசனைச் சாமான்கள் விஷயத்தில் நம்மிடமே எல்லாம் இருக்கிறது. இத்தாலிய வகைப் பச்சைச் சாசேஜில் பெரும்பாலும் சோம்பு சேர்த்திருப்பார்கள்; நம் கோழிச் சாசேஜில் அது இல்லாததால்தான் வெளிநாட்டில் சாப்பிட்ட ருசி இங்கே வருவதில்லை. ஒரு தேக்கரண்டி சோம்பை வெறும் வாணலியில் வறுத்து ஒன்றிரண்டாகப் பொடித்து, வெங்காயம் வதங்கும்போதே சேருங்கள். ஆரிகனோ என்ற பொட்டலத்துக்குப் பதில், தொட்டியில் கற்பூரவள்ளி இருந்தால் நாலைந்து இலை கிள்ளிப் போட்டால் போதும். ஆரிகனோவின் காரமணத்துக்குக் காரணமான கார்வக்ரால் அதிலும் இருக்கிறது. தைம் என்று குறிப்பில் வந்தால் ஒரு சிட்டிகை ஓமம். இரண்டிலும் தைமால்தான் மணம். ஆனால் பே லீஃப் என்று வரும் இடத்தில் நம் பிரிஞ்சி இலையைப் போட்டுவிடாதீர்கள். அது பட்டையின் உறவு, பிரியாணி வாசனை அடிக்கும். கிடைக்காவிட்டால் விட்டுவிடுவதே மேல்.

நம் வடகத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. சின்ன வெங்காயம், பூண்டு, உளுந்து, கடுகு, சீரகம், வெந்தயம், கறிவேப்பிலை இவற்றை விளக்கெண்ணெய் தொட்டுப் பிசைந்து வெயிலில் காயவைத்து உருட்டிய இந்தத் தாளிப்பு வடகம்தான், பிரெஞ்சுச் சமையற்காரர்களின் கையில் வதுவான் என்று பெயர் மாறிக் கண்ணாடிக் குப்பியில் பெருமையோடு உட்கார்ந்திருக்கிறது. 1962 ஆகஸ்ட் 16-இல் புதுச்சேரியின் இணைப்பு சட்டப்படி நிறைவுற்றபோது பிரெஞ்சுக் குடியுரிமையைத் தேர்ந்துகொண்ட குடும்பங்களோடு நான் பழகி வளர்ந்தவள்; 'சொல்தா' (பிரெஞ்சில் படைவீரர்) வீடுகள் என்று ஊரார் சொல்லும் அந்த வீடுகளில், பிரெஞ்சுப் பெயருள்ள இறைச்சிக் கூட்டின்மேல் எங்கள் பாட்டி செய்ததைப் போன்ற வடகத்தின் வாசனை எழுவதை முகர்ந்திருக்கிறேன். இந்த ஸ்டூவிலும் அரைத் தேக்கரண்டி வடகத்தை எண்ணெயில் பொரித்துக் கடைசியில் கொட்டலாம். அரைத் தேக்கரண்டியோடு நிறுத்திக்கொள்ளுங்கள். மீறினால் சாசேஜ் போட்ட வத்தக்குழம்பாகிவிடும்.

பாஸ்தாவுக்கு வருகிறேன். ரவையைப் பிசைந்து உலர்த்திய பண்டம் அது. நிறையத் தண்ணீரில், பெருங்கொதியில் போட்டால் வெளிப்புறம் விரைவில் வெந்து இறுகி, மாவுச்சத்தைப் பெருமளவு உள்ளேயே பிடித்து வைத்துக்கொள்ளும். அசையாத, கொதிக்காத சூட்டில் போட்டால், இறுகுவதற்கு முன்பே மாவு கரைந்து வெளியேறி, ஒன்றோடொன்று ஒட்டி, கடைசியில் களியாகிவிடும். ஒன்பதரை மணி நேரத்தில் உங்களுக்குக் கஞ்சி கிடைத்தது ஆச்சரியமன்று, உருவம் ஏதாவது மிஞ்சியிருந்தால்தான் ஆச்சரியம். என் வழி, பாஸ்தாவைக் குக்கருக்குள் விடாமலே இருப்பது. ஐந்து பேருக்கு 200 கிராம் போதும். இரண்டு லிட்டர் தண்ணீரில் நான்கு தேக்கரண்டி மட்டமாக உப்புப் போட்டுக் கொதிக்கவிட்டு, பொட்டலத்தில் சொன்ன நேரத்துக்கு மூன்று நிமிடம் முன்னதாகவே வடித்து, ஒரு கரண்டி எண்ணெயில் பிரட்டி வைத்துக்கொள்ளுங்கள். பரிமாறும் தட்டில் முதலில் பாஸ்தா, அதன்மேல் கொதிக்கும் ஸ்டூ. மேசைக்குப் போகும் நேரத்துக்குள் மீதி வெந்துவிடும்.

எல்லாம் ஒரே பாத்திரத்தில்தான் வேண்டும் என்றால் அதற்கும் வழி உண்டு. உண்பதற்கு நாற்பது நிமிடம் முன் 'ஹை'க்கு மாற்றி, ஓரங்களில் குமிழ் வருவதைக் கண்ட பிறகு, ஒன்றரை டம்ளர் கொதிநீரோடு உலர்ந்த பாஸ்தாவைப் போட்டு நன்கு அமுக்கிவிட்டு, பத்து நிமிடத்துக்கு ஒருமுறை கிளறுங்கள். இருபது முதல் முப்பது நிமிடத்தில் வெந்துவிடும். அந்த நீரைக் கூடுதலாக ஊற்றாவிட்டால், 200 கிராம் பாஸ்தா தன் எடைக்கும் மேலான நீரைக் குடித்துவிட்டு ஸ்டூவைக் கிச்சடியாக்கிவிடும். மக்ரோனி, சங்கு, சுருள் போன்ற சிறு வடிவங்களே இதற்கு ஏற்றவை. பொட்டலத்தின் பின்புறத்தில் டியூரம் கோதுமை ரவை என்று அச்சிட்டிருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள்; மைதா கலந்தது எவ்வளவு கவனித்தாலும் குழைந்துதான் போகும்.

வேலைக்குப் போகும் உங்களுக்கு நாளின் ஒழுங்கு இப்படி அமையும். இரவு படுக்கும்முன் கடலையை ஊறப்போடுங்கள். காலையில் காபி கலக்கும் நேரத்தில் பிரஷர் குக்கர் நான்கு விசில் அடித்துவிடும். பக்கத்து அடுப்பில் வெங்காயமும் தக்காளியும் வதங்கிவிடும். எட்டு மணிக்கு 'லோ'வில் மூடிவிட்டுக் கிளம்பலாம். மாலை வந்ததும் ஆட்டுக்கால் எலும்புகளில் பெரியவற்றை எடுத்துப் போட்டுவிட்டு, 'ஹை'க்கு மாற்றி, நாலைந்து உருளைக்கிழங்குத் துண்டுகளையும் ஒரு கை கடலையையும் கரண்டியின் முதுகால் மசித்துவிடுங்கள். தண்ணீர் தெளிந்து நிற்கும் குறை அதிலேயே போய்விடும், சோளமாவு தேவைப்படாது. பிறகு முறுகவைத்த சாசேஜ். இறக்குவதற்கு ஐந்து நிமிடம் முன்பாக இரண்டு கைப்பிடி முருங்கைக்கீரை. வெளிநாட்டார் கேல் என்ற முரட்டுக் கீரையைப் போடும் இடம் இது, முருங்கை அதைவிட இதமாக அமைகிறது என்பது என் துணிபு. பாலேடோ சீஸோ சேர்க்க விரும்பினால் அடுப்பை அணைத்த பின் சேருங்கள். நெடுநேரச் சூட்டில் பால் திரிந்துவிடும். ஆரோவில்லில் செய்த சீஸ் புதுச்சேரிக் கடைகளில் கிடைக்கும். மேலே துருவிப் போட அது நன்றாகவே இருக்கிறது.

நேரக்கடிகாரம் வைத்துப் பத்து மணிக்கு மேல் தானாக இயங்கும்படி செய்யலாமா என்று யாரேனும் யோசனை சொன்னால் ஏற்காதீர்கள். 32 டிகிரிக்கு மேற்பட்ட வெப்பத்தில் பச்சை இறைச்சி ஒரு மணி நேரத்துக்கு மேல் வெளியே இருக்கக் கூடாது; கடலூரின் சித்திரை மாதத்தில் சமையலறையே அதற்கு மேல் இருக்கும். மின்தடை நமக்குப் பழகியதுதான். 2011 டிசம்பர் 30 காலை தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரையைக் கடந்தபின் எத்தனை நாள் இருட்டில் கிடந்தோம் என்பது உங்களுக்கும் நினைவிருக்கும். நீங்கள் வீட்டில் இருக்கும்போது மின்சாரம் போனால், உடனே கேஸ் அடுப்புக்கு வேறு பாத்திரத்தில் மாற்றிக் கொதிக்கவைத்து முடித்துவிடுங்கள். வீட்டில் இல்லாதபோது போய், எவ்வளவு நேரம் போயிருந்தது என்று தெரியாவிட்டால், மணம் எவ்வளவு நன்றாக இருந்தாலும் கொட்டிவிடுவதுதான் முறை. காலையில் ஸ்டூவை வைக்கும்போதே மின்சாரத்தில் ஓடும் சாதாரண கடிகாரம் ஒன்றை அருகில் இணைத்துவிட்டுப் போனால், அது பின்தங்கியிருக்கும் அளவே தடை நீடித்த நேரத்தைச் சொல்லிவிடும்.

மிஞ்சியதைப் பீங்கான் சட்டியோடு ஃபிரிட்ஜில் வைக்காமல், அகலமான ஆழமில்லாத பாத்திரங்களில் ஊற்றி ஆறவைத்து எடுத்துவையுங்கள். மூன்று நாள் வரை தாங்கும். பாஸ்தாவைத் தனியே வைத்தால்தான் மறுநாளும் பாஸ்தாவாக இருக்கும். மறுநாள் ஃபிரிட்ஜைத் திறந்து பார்க்கும்போது ஸ்டூ கட்டியாக உறைந்திருந்தால் பதற வேண்டாம். ஆட்டுக்கால் தன் வேலையைச் செய்திருக்கிறது என்று பொருள். சூடாக்குவது அடுப்பில்தான், ஸ்லோ குக்கரில் அல்ல.

உங்கள் மாமியாரின் பங்குக்கு இப்போது தனிச் சமையல் எதுவும் தேவையில்லை என்பது தெரிந்திருக்கும். சாசேஜ் கடைசி அரை மணி நேரத்தில்தான் உள்ளே போகிறது. மாலையில் மூடியைத் திறந்ததும், சாசேஜைச் சேர்ப்பதற்கு முன், அவருக்கு வேண்டிய அளவு குழம்பையும் கடலையையும் ஆட்டுக்கால் துண்டுகளையும் சிறு பாத்திரத்தில் எடுத்துவிடுங்கள். அதில் ஒரு தேக்கரண்டி மிளகை நுணுக்கிப் போட்டு, வடகத்தை அவர் பங்குக்கு மட்டும் தாராளமாகத் தாளித்து, ஒரு கொதி விட்டால், அவர் அறிந்த ஆட்டுக்கால் குழம்பின் பக்கத்து வீட்டுச் சுவையில் இருக்கும். தொட்டுக்கொள்ள பாஸ்தா வேண்டாம் என்றால், புதுச்சேரிப் பக்கம் யாரேனும் வரும்போது பேக்கரியில் நீள ரொட்டி இரண்டு வாங்கிவரச் சொல்லுங்கள். முதல்நாள் ரொட்டியே இதற்கு நல்லது, அரிந்து கல்லில் வாட்டிக் கொடுத்தால் குழம்பில் ஊறியும் உடையாமல் நிற்கும்.